தேர் என் மருந்துக்கடைக்கு வந்த வருஷம்

எங்கள் தெரு அம்மனுக்குத் தேர் சிறியது. சிறியதானாலும் தேர் தேர்தான், உருள ஆரம்பித்துவிட்டால் யார் சொல்லும் கேட்காது. அதை நிறுத்தத் தெரிந்தவர் தெருவில் ஒரே ஒருவர், மாணிக்கவாசகம் மாமா. வருஷம் முழுக்கத் தறியில் உட்கார்ந்து பட்டு நெய்வார். பங்குனியில் ஒரு நாள் மட்டும் சக்கரத்துக்குப் பக்கத்தில் முட்டுக்கட்டையோடு குனிந்து நிற்பார். கேட்டால் அந்த ஒரு நாளைத்தான் தன் வேலை என்பார். நாற்பத்தோரு வருஷத்தில் ஒருவர் கால்மீதும் சக்கரம் ஏறியதில்லை. எழுபத்திரண்டு வயதில் அவருக்கு இருந்த ஒரே கர்வம் அதுதான்.

நான் துர்காதேவி. பெரிய காஞ்சிபுரத்தில் அந்தத் தேர் திரும்புகிற முனையில் மருந்துக்கடை வைத்திருக்கிறேன். நடந்ததில் என் பங்கு பெரியது. அதை நானே முதலில் சொல்லிவிடுகிறேன், பிறகு யாரும் கண்டுபிடித்துவிட்டதாக மார்தட்ட வேண்டாம்.

பதினொரு வருஷத்துக்கு முன் மாமாவின் தம்பி திடீரென்று இறந்துபோனார். மாமாவுக்குத் தூக்கம் போயிற்று. ஒரு டாக்டர் குளோனசிபாம் என்ற தூக்க மாத்திரையை எழுதிக் கொடுத்தார். இரவில் ஒன்று, பத்து நாளைக்கு. பத்து நாள் என்று தெளிவாகவே எழுதியிருந்தது. மாமாவும் படித்தார், நானும் படித்தேன். படித்துவிட்டுப் பதினொரு வருஷம் கொடுத்தேன். நடுவில் ஒன்று போதாமல் இரண்டாயிற்று. சீட்டு மடிப்பில் கிழிய ஆரம்பித்ததும் நானே எடுத்துப்போய் லாமினேட் செய்து தந்தேன். அவ்வளவு அக்கறை எனக்கு. அதன்பிறகு அது தெருவில் வயசானவர்கள் வீட்டுக்கெல்லாம் போய் வந்தது. "மாமா சீட்டு" என்று நீட்டுவார்கள், நானும் எடுத்துக் கொடுப்பேன். எழுதிய டாக்டர் தொழிலை விட்டு வெளியூருக்கே குடிபோய்விட்டார். சீட்டு மட்டும் புதுசாகவே இருந்தது.

மாமாதான் பழசானார். நடை தள்ளாடியது. குளியலறையில் ஒரு தடவை விழுந்தார். சேலைக் கரையில் மயிலுக்கு இரண்டு தலை நெய்துவிட்டார். "வயசாயிடுச்சுமா" என்றார். "ஆமாம் மாமா" என்றேன். எல்லாப் பழியையும் வயசின் தலையில் போட்டோம். மாத்திரையை யாரும் சந்தேகப்படவில்லை.

போன வருஷம் தேர் அன்று காலை மாமா கடைக்கு வந்தார்.

"நெஞ்சு படபடன்னு அடிச்சிக்கினு இருக்குதுமா. அதுல ஒண்ணு குடு."

கொடுத்தேன். விழுங்கத் தண்ணீரும் கொடுத்தேன்.

ஒரு மணி நேரத்தில் தேர் முனைக்கு வந்தது. திரும்பவேண்டிய இடத்தில் திரும்பவில்லை. மேளதாளத்தோடு நேராக என் கடையைப் பார்த்து வந்தது. வடம் பிடித்தவர்கள் இரண்டு பக்கமும் சிதறினார்கள். படியில் ஏறி, தகரக் கூரையை முட்டி, இருமல் மருந்து அலமாரிக்கு ஒரு முழம் இருக்கும்போது தேர் நின்றது. யாருக்கும் ஒரு கீறல் இல்லை. நான் மேஜைக்குக் கீழே இருந்தேன். மெல்லத் தலையை நீட்டிப் பார்த்தால், பத்தடி பின்னால் தெரு ஓரத்தில் மாமா குந்தியிருந்தார். முட்டுக்கட்டையை இரண்டு கையாலும் கட்டிக்கொண்டு நிம்மதியாகக் குறட்டை விட்டுக்கொண்டிருந்தார்.

விழாக் கமிட்டித் தலைவர் நமச்சிவாயம் எதையும் நொடியில் சமாளிக்கிறவர்.

"அம்மா ஆசைப்பட்டு வந்திருக்கிறாபா! இன்னா பாத்துக்கினு நிக்கிறீங்க, கற்பூரம் ஏத்துங்க!"

அவ்வளவுதான், என் கடை சந்நிதி ஆகிவிட்டது. செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்தார்கள். பேண்டேஜ் சுருளை யாரோ பிரித்துத் தோரணம் கட்டினார்கள். ஐயம்பேட்டையிலிருந்து ஷேர் ஆட்டோ பிடித்து வந்த ஒரு அம்மா, பிரசாதமாக ஒரு பாராசிட்டமாலாவது கொடு என்று கையேந்தினார். ஊரே சந்தோஷமாக இருந்தது, மாமாவைத் தவிர.

மறுநாள் வந்தார். லாமினேட் சீட்டையும் மிச்ச மாத்திரைகளையும் மேஜைமேல் வைத்தார். முகம் வாடிப்போயிருந்தது.

"அம்மா வரலைமா. நான்தான் வுட்டுட்டேன். ஒரு கொழந்த குறுக்க வந்திருந்தா இன்னா ஆயிருக்கும்? இனிமே இத்தத் தொட மாட்டேன்."

"சபாஷ் மாமா" என்றேன். மருந்துக்கடைக்காரி சொல்லக்கூடாத சொல் அது. ஓடுகிற தேருக்குப் பெரிய கட்டையை ஒரேயடியாகப் போட்டால் தேர் குதிக்கும், மேலே இருக்கும் குருக்கள் கீழே வருவார் என்று ஊருக்கெல்லாம் சொன்ன மனிதர், தனக்குத் தானே பெரிய கட்டையாகப் போட்டுக்கொண்டார். நான் பக்கத்தில் நின்று கைதட்டினேன்.

நான்காம் நாள் காலை அவர் மனைவி ஏலவார்குழலி அக்கா ஓடிவந்தார்.

"துர்கா, எங்க வூடு நகருதாம்மா. வந்து பாரு."

போனேன். பிரிட்ஜுக்கு அடியில் முட்டுக்கட்டை. தறிக்கு நாலு பக்கமும் முட்டுக்கட்டை. கட்டில், கிரைண்டர், கேஸ் சிலிண்டர், எதிர்வீட்டு ஸ்கூட்டர், எதையும் விட்டுவைக்கவில்லை. கோயில் கட்டைகள் தீர்ந்துபோய் செங்கல், அம்மிக்குழவி, அரிசிப் படி என்று கைக்குக் கிடைத்ததெல்லாம் போட்டிருந்தார். மூன்று நாளாகப் பொட்டுத் தூக்கமில்லை. வியர்த்து ஒழுகியது, கைகள் நடுங்கின. ஒரு கையால் ஜன்னல் கம்பியைப் பிடித்திருந்தார்.

"தரை ஓடுதுமா. பாலாறு வரைக்கும் சரிவு. எல்லாரும் புடிச்சிக்கோங்க!"

"நான் சட்னி தாளிக்க நின்னா என் குதிகாலுக்கும் ஒண்ணு வச்சிடறாரு" என்று அக்கா அழுதார். எனக்குச் சிரிப்பு வந்தது. சிரித்த வாயோடு பயமும் வந்தது. ஆட்டோவைக் கூப்பிட்டேன்.

முதியோர் மருத்துவர் ஜெயப்ரியாவுக்கு முப்பத்தைந்து வயதிருக்கும். மாமா கையோடு கொண்டுபோன செங்கலை அவருடைய உருளும் மேஜை நாற்காலிக்கு நீட்டினார். டாக்டர் அதை வாங்கி மரியாதையாகப் போட்டுக்கொண்டார். பிறகு லாமினேட் சீட்டைப் பார்த்தார்.

"இதை யார் லாமினேட் பண்ணது?"

"நான்தான்" என்றேன்.

அடுத்த பத்து நிமிஷம் அவர் சொன்னதை இங்கே எழுத எனக்கு வெட்கமாக இருக்கிறது. சுருக்கம் இதுதான். வயசான உடம்பு இந்த மாத்திரையைச் சீக்கிரம் வெளியேற்றாது. இரவில் போட்டது பகலிலும் நிற்கும். தள்ளாட்டம், விழுவது, மறதி எல்லாம் அதனால் வரலாம். அதற்காக ஒரே நாளில் நிறுத்துவது அதைவிட ஆபத்து, வலிப்பே வந்துவிடலாம். இப்போது பழைய அளவைத் திரும்பக் கொடுத்து, உடம்பு அமைதியானபின் கொஞ்சம் கொஞ்சமாகத்தான் குறைக்கவேண்டும்.

இரண்டு நாள் அங்கேயே படுக்கவைத்தார்கள். மாமா தூங்கி எழுந்தார், தரையும் நின்றது. ஆனால் மாத்திரையை மறுபடி விழுங்கச் சொன்னதில் அவருக்கு மானமே போய்விட்டது. "தோத்துட்டேன்மா" என்று சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டார்.

டாக்டர் கட்டில் ஓரமாக உட்கார்ந்தார். "ஐயா, தேரை எப்படி நிறுத்துவீங்க?"

மாமா திரும்பினார். முதலில் வடத்தைத் தளர்த்தவேண்டும், பிறகு சின்னக் கட்டை, சக்கரம் அதைத் தின்றுவிட்டு வந்தால் அடுத்த கட்டை, சரிவானால் நடுவில் கொஞ்சம் பொறுக்கவேண்டும் என்று இருபது நிமிஷம் பாடம் எடுத்தார். டாக்டர் முழுவதும் கேட்டார்.

"இதைத்தான் நானும் சொல்ல வந்தேன்" என்றார். "நீங்க என்னைவிட நல்லா சொல்றீங்க."

இரண்டு மாத்திரை என்றால் எட்டுக் கால் துண்டு. மூன்று வாரத்துக்கு ஒரு கால் குறைப்பது, உடம்பு முரண்டு பிடித்தால் அங்கேயே நிற்பது, டாக்டரைக் கேட்காமல் எதையும் மாற்றக்கூடாது என்று முடிவாயிற்று. மாத்திரை வெட்டும் டப்பாவை நான் கொடுத்தேன். மாமாவுக்கு அதில் நம்பிக்கை இல்லை. வெட்டிய கால்களை ஜரிகை நிறுக்கிற சின்னத் தராசில் வைத்து, ஒன்று கனம், ஒன்று லேசு என்று என்னோடு சண்டைக்கு வந்தார். மதியத் தூக்கத்தையும் சாயங்காலக் காபியையும் டாக்டர் நிறுத்தச் சொன்னார். மாத்திரையைவிடக் காபிக்குத்தான் அதிகம் புலம்பினார். ஐந்தாவது காலில் தூக்கம் கெட்டு, கை நடுங்கி, அக்காவிடம் எரிந்து விழுந்தார். டாக்டர் அங்கேயே ஒரு மாதம் நிற்கச் சொன்னார். "சரிவு" என்றார் மாமா, புரிந்தவராக. கார்த்திகையில் கடைசிக் காலும் போயிற்று. தெருவில் மாமா சீட்டைக் காட்டி வாங்கிக்கொண்டிருந்த மற்ற பதினோரு பேரையும் நானே அந்த டாக்டரிடம் அழைத்துப் போனேன். சீட்டைக் கத்தரித்துவிட்டேன். லாமினேட் ஆயிற்றே, லேசில் வெட்டுப்படவில்லை.

இந்த வருஷம் தேர் நோட்டீஸ் வந்தது. அதில் கொட்டை எழுத்தில் இப்படி இருந்தது: "காலை 9.30, அம்மன் மருந்துக்கடைக்கு எழுந்தருளல்." விபத்தை வழக்கமாக்க எங்கள் ஊருக்கு ஒரே ஒரு வருஷம் போதும்.

நமச்சிவாயம் மாமா வீட்டுக்கே போய்ச் சொன்னார். "முனையில கட்டை போடாதீங்க. அம்மா தானா போவா. போட்டீங்கன்னா அடுத்த வருஷம் வேற ஆள்தான், சொல்லிட்டேன்."

மாமா கட்டைகளைத் துடைத்து வரிசையாக அடுக்கிக்கொண்டிருந்தார். அந்த ஒரு நாளுக்காகத்தான் அவர் எட்டுக் கால் மாத்திரையையும் தாண்டியிருந்தார்.

தேர் அன்று கூட்டம் என் படிவரை நின்றது. குழந்தைகளைத் தோளில் தூக்கி வைத்திருந்தார்கள். தேர் முனைக்கு வந்தது, என் கடையைப் பார்த்துச் சாய்ந்தது. மாமா சக்கரத்தோடு கூடவே குனிந்து வந்தார். சின்னக் கட்டையைப் போட்டார். சக்கரம் அதைத் தாண்டியது. அடுத்ததைப் போட்டார். தேர் முனகியது. மூன்றாவது கட்டையில், என் படிக்கு நாலு விரல் இருக்கும்போது, அசையாமல் நின்றது.

"கட்டைய எடுய்யா!" என்று கத்தினார் நமச்சிவாயம். "அம்மாவுக்குக் கடைக்குப் போவணும்னு ஆசை!"

மாமா நிமிர்ந்தார். "அவங்களுக்கு ஒடம்பு நல்லாத்தான் இருக்குது. மருந்துக்கடையில இன்னா வேலை? இந்த வருஷம் நான் முழிச்சிக்கினு இருக்கேன்பா."

மேலே இருந்த குருக்கள்தான் முதலில் சிரித்தார். பிறகு மணியை அடித்தார். வடம் பிடித்தவர்கள் மறுபக்கம் இழுக்க, தேர் திரும்பவேண்டிய பக்கம் திரும்பியது. நமச்சிவாயம் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு பின்னாலேயே போனார்.

அடுத்த வருஷம் அந்தக் கட்டை யார் கையில் இருக்கும் என்று எனக்குத் தெரியாது. மாமா வேட்டியில் கையைத் துடைத்துக்கொண்டு என் படியில் வந்து உட்கார்ந்தார். மூச்சு வாங்கியது, கைகள் நடுங்கவில்லை.

"நெஞ்சு படபடன்னு அடிச்சிக்கினு இருக்குதுமா" என்றார்.

நான் திரும்பி அவர் முகத்தைப் பார்த்தேன்.

"தண்ணி மட்டும் குடு."