மைக் என் கையில், ரிமோட் கவின் கையில்

“இத்தனை நாளா இத ஓட்டினது நான்தான் சார்.”

அன்று கல்லூரி மைதானத்தில் நான் சொல்லாமல் விட்டது இந்த ஒரு வரிதான். நாக்கு நுனி வரை வந்தது. விழுங்கிவிட்டேன்.

இதை எழுதும்போது மூக்கில் ஏறுவது மக்காச்சோள மாவும் கருவாடும் கலந்த வாசனை... நாமக்கல் எருமப்பட்டிக்குப் பக்கத்தில், என் வகுப்புத் தோழன் கவின் வீட்டுக் கோழிப்பண்ணை. கோழித்தீவனம் அரைக்கும் குடோனுக்கு இரண்டு மாடி உயரக் கூரை. ஞாயிற்றுக்கிழமை மெஷின் ஓடாது. எங்கள் இறுதியாண்டு ப்ராஜெக்ட் அங்கேதான் பறந்தது. ஓடுபாதையே வேண்டாம், நின்ற இடத்திலிருந்து நேராக எழும்பி, நேராக இறங்கும் நான்கு விசிறி ட்ரோன்.

ஞாயிறுதோறும் சூரமங்கலத்து வீட்டிலிருந்து கிளம்பி நாமக்கல் பஸ் ஏறுவேன். மடியில் ட்ரோன் வைத்த அட்டைப்பெட்டி. ஒரு கண்டக்டர் பெட்டியைப் பார்த்துவிட்டு, “நாமக்கல்லுக்கே முட்டை கொண்டு போறியாம்மா?” என்று கேட்டார். பஸ்ஸே சிரித்தது. நான் பெட்டியை இன்னும் இறுக்கிப் பிடித்துக்கொண்டேன்.

எழும்புவது சுலபமாக இருந்தது. விசிறிகள் காற்றைக் கீழே தள்ளும். அந்தத் தள்ளல் எடையை மிஞ்சினால் ட்ரோன் மேலே போகும். இரண்டு விசிறி வலமாகவும் இரண்டு இடமாகவும் சுற்ற வேண்டும். இல்லாவிட்டால் ட்ரோனே பம்பரமாகிவிடும்.

இறங்கும்போதுதான் உயிர் போனது. நேராக இறக்கினால் பாதி வழியில் தள்ளாடும். கவின் பதறிப்போய் பவரை ஏற்றுவான். ஏற்ற ஏற்ற இன்னும் வேகமாக விழும்.

மூன்றாவது விசிறி உடைந்த அன்று, வாசலில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்த அவன் அம்மா எழுந்து வந்தார்.

“ஏஞ்சாமி, ஏறறப்ப நல்லாத்தான ஏறுது? எறங்கறப்ப மட்டும் எதுக்கு இந்த ஆட்டம்? நீ தொடாத. அந்தப் புள்ளகிட்ட குடு.”

ரிமோட் என் கைக்கு வந்தது இப்படித்தான்.

காரணத்தைக் காட்டிக்கொடுத்தது தீவனத் தூசி. கூரையில் பதித்திருந்த கண்ணாடி வழியாக விழுந்த வெயிலில், ட்ரோன் தள்ளிய காற்று எனக்குக் கண்ணால் தெரிந்தது. கீழே போன தூசி பக்கவாட்டில் சுருண்டு, மேலே ஏறி, திரும்பவும் விசிறிக்குள்ளேயே நுழைந்தது. தான் கலக்கிய காற்றுக்குள் தானே இறங்கிக்கொண்டிருந்தது ட்ரோன். அங்கே அதற்குப் பிடிமானம் இல்லை. பவரை ஏற்றினால் அதே காற்று இன்னும் வேகமாகச் சுழலும், அவ்வளவுதான். கல்லூரி நூலகத்தில் யாரும் தொடாத ஒரு ஹெலிகாப்டர் புத்தகம் இருந்தது. அதுவும் இதையேதான் சொன்னது. பவரைக் கூட்டாதே, கொஞ்சம் முன்னால் நகர்ந்து கலங்காத காற்றுக்குப் போ, பிறகு மெதுவாக இறங்கு.

என் விரலுக்கு அது பழக நான்கு ஞாயிறுகள் ஆயின. அதன் பிறகு ஒரு விசிறிகூட உடையவில்லை.

செய்து காட்டும் நாளில் வெளியிலிருந்து தேர்வாளர்கள் வந்திருந்தார்கள். எங்கள் ப்ராஜெக்ட் கைடு சார் என்னைக் கூப்பிட்டார்.

“நஸ்ரின், உனக்குத்தான் நல்ல வாய்ஸ். நீ மைக்ல சொல்லும்மா. ரிமோட்ட கவின் பாத்துக்கட்டும்.”

எங்கள் கல்லூரி வழக்கம் அது. விழா என்றால் மைக் பெண்களுக்கு. ஏணி, ஒயர், ரிமோட் எல்லாம் ஆண்களுக்கு. கவின் என்னைப் பார்த்தான். “இல்லீங்க சார்...” என்று ஆரம்பித்தான். சார் அதற்குள் தேர்வாளர்கள் பக்கம் திரும்பிவிட்டார்.

நான் பேசாமல் இருந்தது பயத்தால் அல்ல. இத்தனை நாள் என் கையில் இருந்ததை நானே கெஞ்சி வாங்க வேண்டுமா என்ற கோபம். அந்தக் கோபத்துக்காக இன்றுவரை நான் வருத்தப்படவில்லை.

ட்ரோன் எழும்பியது. நான் விளக்கினேன். எல்லாரும் அண்ணாந்து பார்த்தார்கள். கவின் இறக்கத் தொடங்கினான்... நேராக. பாதியில் அந்தப் பழைய தள்ளாட்டம் வந்தது. அவன் கட்டை விரல் மேலே போவதைப் பார்த்தேன். விழுந்தால் ஆறு மாத உழைப்பு சில்லுச் சில்லாகிவிடும்.

மைக் என் வாயருகே இருந்தது.

“கவின், பவர் ஏத்தாத.”

மைதானம் முழுக்கக் கேட்டது.

“முன்னால தள்ளு. இன்னும் கொஞ்சம்... போதும். இப்ப எறக்கு. மெதுவா... மெதுவா.”

இறங்க வேண்டிய சுண்ணாம்பு வட்டத்துக்கு ஒரு முழம் வெளியே, முழுசாக வந்து உட்கார்ந்தது.

தேர்வாளர் ஒருவர், யார் இதை ஓட்டுவது என்று கேட்டார். சார் கவினைக் காட்டினார். கவின் என்னைக் காட்டினான். நான் மைக்கை ஆஃப் செய்தேன்.

இப்போது எருமப்பட்டிப் பக்கம் சோளக்காட்டுக்கு மருந்தடிக்கும் ட்ரோன் வரப்பிலிருந்தே எழும்புகிறது. யாரும் தலைதூக்கிப் பார்ப்பதில்லை. நான் வேலை பார்க்கும் இடத்தில் காற்றின் போக்கைக் கம்ப்யூட்டர் திரையில் கலர் கலராகக் காட்டுகிறார்கள். அழகாகத்தான் இருக்கிறது... ஆனால் வெயில் கற்றையில் தூசி சுருண்டு ஏறியதை முதன்முதலாகப் பார்த்த அந்த நிமிஷம் அதில் இல்லை. மைக் வழக்கம் மட்டும் மாறவில்லை. போன மாதம் ஆபீஸ் விழாவிலும் என்னிடம்தான் நீட்டினார்கள். வேறு ஆளைப் பாருங்கள் என்றேன்.

அந்தத் தேர்வு முடிந்த இரண்டாம் வாரம், வேறொரு கல்லூரி நடத்தும் ட்ரோன் போட்டிக்கு விண்ணப்பம் வந்தது. ‘ட்ரோனை இயக்குபவர்’ என்ற கட்டத்தில் என் பெயரை நானே எழுதி, சார் மேசையில் வைத்தேன். அவர் படித்துப் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போட்டார்.