கோதுமைக்கு அரிசி

ரேஷனில் எங்களுக்குக் கிடைப்பது இரண்டே பொருள். கோதுமை, அரிசி. சில வருடம் தீபாவளிக்கு ஒரு பை கொடுத்தார்கள். ரவை, சர்க்கரை, கடலைப்பருப்பு, ஒரு பாக்கெட் பாமாயில். அவ்வளவுதான். துவரம்பருப்பு, புளி, மிளகாய், சோப்பு எல்லாம் வெளிக்கடையில்.

வீட்டில் நாலு பேர். நான், அவர், இரண்டு பெண்கள். அவருக்கு வாகட்டில் ஒரு அடுக்குமாடிக் குடியிருப்பின் கேட்டில் வாட்ச்மேன் வேலை. நான் நாங்கள் குடியிருக்கும் கட்கியிலேயே மூன்று வீட்டில் பாத்திரம் தேய்க்கிறேன். ரேஷன் இல்லாத மாதம் எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும். ஒரு தடவை ஆதார் சேரவில்லை என்று இரண்டு மாதம் நிறுத்தி வைத்தார்கள். இரண்டு மாதமும் ஒரு வேளைதான் சோறு. பெரியவள் பள்ளிக்கூடத்தில் மயங்கி விழுந்தாள். நான் பயந்ததைப் பெரிதாக்கிச் சொல்கிறேன் என்று யாரும் நினைக்க வேண்டாம். அதற்காக இதைச் சொன்னேன்.

எங்களுக்குச் சோறுதான் சாப்பாடு. கோதுமை டப்பாவில் கிடந்து வண்டு பிடிக்கும். மராத்தி வீடுகளில் இதுவே தலைகீழ். சப்பாத்தி, பாக்கரி என்று ரொட்டி இல்லாமல் அவர்களுக்கு ஆகாது. அரிசி ஒரு பிடி போதும். அதனால் எங்கள் சந்தில் ஒவ்வொரு தமிழ் வீடும் ஏதாவது ஒரு மராத்தி வீட்டோடு மாற்றிக்கொள்ளும். கோதுமையைக் கொடுத்து அரிசியை வாங்கிக்கொள்வோம். டப்பாவுக்கு டப்பா. பணம் கிடையாது.

எனக்கு, எங்கள் வீட்டிலிருந்து மூன்றாவது வீட்டு அம்மா. சந்தில் எல்லோரும் அவளை மாவ்ஷி என்போம். சித்தி என்று அர்த்தம். ஏழு வருடத்துக்கு முன் அவள்தான் முதலில் கேட்டாள். அவள் மராத்தியில் பேசுவாள், நான் பாதி இந்தியில் பதில் சொல்வேன். அது போதும்.

"உன் வீட்டுக் கோதுமையில வண்டு. என் வீட்டு அரிசியில வண்டு. ரெண்டுக்கும் கல்யாணம் பண்ணி வெச்சிடுவோமா?" என்றாள்.

அப்படி ஆரம்பித்தது.

எப்போதும் அவள் வீட்டில் வைத்துத்தான் மாற்றுவோம். போன வருடம் மழைக்காலத்தில் மாவ்ஷிக்கு முட்டி வீங்கிவிட்டது. ரேஷன் கடை மேட்டுக்குக் கீழே. அவள் சொன்னாள், "அரிசியை நான் மேல தூக்கிட்டுப் போய் உனக்குக் கொடுக்கணும். நீ கோதுமையைத் தூக்கிட்டு வந்து எனக்குக் கொடுக்கணும். எதுக்கு? இங்கேயே மாத்திக்குவோம்."

சரியென்று பட்டது. கடைப் படியில் உட்கார்ந்து பையைப் பிரித்தோம்.

பாதி மாற்றியிருப்போம். எதிரில் பைக்கை நிறுத்திவிட்டு ஒரு ஆள் நின்றான். இஸ்திரி போட்ட சட்டை. கையில் போனைத் தூக்கிப் பிடித்திருந்தான். எங்களைப் படம் எடுக்கிறான் என்று புரியக் கொஞ்ச நேரம் ஆனது.

"என்ன வியாபாரம் நடக்குது?" என்றான் இந்தியில்.

மாவ்ஷி சிரித்தாள். "வியாபாரமா? நாங்க சாப்பிடுற சாமான்."

"சர்க்கார் கொடுத்த சாமான். கார்டைக் காட்டுங்க."

கொடுத்தேன். மாவ்ஷியும் கொடுத்தாள். இரண்டு கார்டையும் படம் எடுத்தான். என் முகத்தை ஒரு தடவை பார்த்தான். போய்விட்டான். சத்தம் போடவில்லை, திட்டவில்லை. திட்டியிருந்தால் பரவாயில்லை.

கடைக்காரர் உள்ளே இருந்து வந்தார். "ரேஷனிங் ஆபீஸ் ஆளு. என் கடை வாசல்லதானா பண்ணணும்? பின் சந்துல ஒரு வீட்ல மாவு மில்லுக்குக் கோதுமை வித்தாங்க. கார்டே போச்சு."

"நாங்க விக்கலையே," என்றேன்.

"அதை அங்க போய்ச் சொல்லு."

மிச்சத்தை மாவ்ஷி வீட்டுக்குள் வைத்து மாற்றிக்கொண்டு வீட்டுக்கு வந்தேன். அவர் வேலையிலிருந்து வந்ததும் சொன்னேன்.

"ரோட்ல வெச்சா பண்ணுவ?" என்றார்.

"முட்டி வலின்னாங்க."

அவர் சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டினார். "ஒரு மூட்டை கோதுமையில நாம பெரிய கம்பெனி நடத்துறோம்னு நெனச்சிட்டான் போல" என்றார். சிரிக்கவில்லை. அன்றைக்கு அவர் சோறு போட்டுக்கொண்டதைப் பார்த்தேன். பாதிதான் போட்டுக்கொண்டார்.

பெரியவள் போனில் தேடினாள். அவளுக்குத் தமிழ் பேச்சு பாதி, இந்தி பாதி. "விக்கக் கூடாதுன்னு போட்டிருக்கும்மா. மாத்திக்கிறத பத்தி குச் நஹி, ஒண்ணுமே இல்ல."

"தப்புன்னு போடலையா?"

"சரின்னும் போடலை."

சந்தில் எந்த பைக் வந்தாலும் கையில் இருப்பதைக் கீழே வைத்துவிட்டு அந்தச் சத்தத்தையே கேட்பேன். நான் வேலை செய்யும் வீட்டில் ஒரு கண்ணாடி டம்ளர் உடைந்தது. ஏழு வருடத்தில் முதல் தடவை.

நாலாம் நாள் எனக்கு ஒரு யோசனை வந்தது. வீட்டைச் சோதிக்க வருவார்கள். வந்தால் என் வீட்டில் அரிசி கூட இருக்கும், கோதுமை இருக்காது. மாவ்ஷி வீட்டில் கோதுமை கூட இருக்கும். அதைத் திருப்பி மாற்றிவிட்டால் அவரவர் வீட்டில் அவரவர் கணக்குப்படி இருக்கும். அப்புறம் என்ன கேட்பார்கள்?

மாவ்ஷியிடம் போனேன். வாசலிலேயே நிறுத்தினாள்.

"என் பெரிய பையன் வீட்ல இருக்கான்" என்றாள் மெதுவாக. "மதராசியோட சேர்ந்துதான் இதெல்லாம்னு கத்துறான். சீக்கிரம் சொல்லு."

சொன்னேன். அவளும் சரி என்றாள். அரைத்தது போக மிச்சம் கோதுமை கொடுத்தாள். அரிசியை நான் கொண்டுபோனேன். இரண்டு மூன்று நடையாக முந்தானைக்குள் வைத்துக் கொண்டுபோனேன். ஏழு வருடம் தோளில் வைத்து எல்லோர் முன்னாலும் தூக்கிப்போன சாமான். இப்போது திருடி போல் மறைத்தேன்.

அடுத்த வாரம் அந்த ஆள் வந்தான். கூட ஒரு பெண் நோட்டோடு வந்தாள். அவரும் பெண்களும் வீட்டில் இல்லை. செருப்பை வெளியில் கழற்றிவிட்டுத்தான் உள்ளே வந்தான். மரியாதையாகத்தான் பேசினான்.

"டப்பாவைத் திறங்க."

திறந்தேன். அரிசி. அடுத்தது கோதுமை, முக்கால் டப்பா. அவன் கையை விட்டுப் பார்த்தான்.

"கோதுமை இருக்கே. சாப்பிடுறீங்களா?"

"சாப்பிடுறோம் சாஹேப்."

"சப்பாத்தி போடுவீங்களா?"

"போடுவோம்."

அவன் அடுப்படியைப் பார்த்தான். மேலே பார்த்தான், கீழே பார்த்தான். "போள்பாட் எங்கே?"

சப்பாத்தி தேய்க்கிற கட்டையைத்தான் அங்கே அப்படிச் சொல்வார்கள். எங்கள் வீட்டில் அது கிடையாது. தோசைக்கல் இருந்தது. இட்லிப் பானை இருந்தது. கிரைண்டர் இருந்தது. மராத்தி வீடு எதிலும் போள்பாட் இல்லாமல் இருக்காது. அது எனக்குத் தோன்றவே இல்லை. கோதுமையைத் திருப்பிக் கொண்டுவந்து வைத்தவளுக்கு ஒரு கட்டையை இரவல் வாங்கத் தோன்றவில்லை.

"உடைஞ்சு போச்சு," என்றேன்.

நோட்டு வைத்திருந்த பெண் என்னைப் பார்த்தாள். அவளுக்குச் சிரிப்பு வந்தது, அடக்கிக்கொண்டாள்.

"முக்கால் டப்பா கோதுமை. சப்பாத்திக் கட்டை இல்லை" என்றான் அவன். "அப்போ இதை யாருக்கு வெச்சிருக்கீங்க? எந்தக் கடைக்குப் போகுது?"

சுவரைப் பிடித்துக்கொண்டேன். பொய் ஒன்று சொல்லி மாட்டியாயிற்று. இன்னொன்று சொன்னால் கார்டு போய்விடும். உண்மையைச் சொன்னாலும் போகலாம். மாவ்ஷியும் சேர்ந்துதான் செய்தாள் என்று சொன்னால் அவளுடையதும் போகும்.

"கடைக்கு இல்ல சாஹேப்," என்றேன். "எங்களுக்குச் சோறு வேணும். கோதுமையைக் கொடுத்து அரிசி வாங்குவேன். காசு வாங்கினது இல்ல. நான்தான் கேட்டு வாங்கினேன். அந்த அம்மா சும்மா இருந்தாங்க."

அவன் எழுதச் சொன்னான். அந்தப் பெண் எழுதினாள். கையெழுத்துப் போடச் சொன்னார்கள். என்ன எழுதியிருக்கிறது என்று கேட்கப் பயம். தமிழில் பெயரைப் போட்டேன்.

"கார்டு இருக்குமா?"

"அடுத்த மாசம் மிஷின்ல தெரியும்," என்றான்.

அந்த மாதம் நாள் நகரவில்லை. அவர் கேட்டில் இரண்டு ஷிப்ட் நின்றார். சின்னவள் ஒரு நாள், "நம்ம கார்டு செத்துப் போச்சா?" என்று கேட்டாள். அடிக்கக் கை ஓங்கினேன். அடிக்கவில்லை.

சாமான் வந்த அன்றைக்குக் கடை திறக்கும் முன்பே போனேன். அப்படியும் எனக்கு முன்னால் ஆறு பேர். மாவ்ஷி எனக்குப் பின்னால் நின்றாள். நாங்கள் பேசிக்கொள்ளவில்லை. மாற்றி வைத்ததிலிருந்து பேச்சு இல்லை.

என் முறை வந்தது. கட்டைவிரலை வைத்தேன். மிஷின் எடுக்கவில்லை. பாத்திரம் தேய்த்து ரேகை போன விரல். புடவையில் துடைத்து வைத்தேன். எடுக்கவில்லை. வேறு விரலை வைத்தேன்.

சீட்டு வந்தது. என் பெயர். நாலு பேருக்கும் கோதுமை, நாலு பேருக்கும் அரிசி.

ஓரமாக நின்றேன். பையில் சாமானை வாங்கிக்கொண்டேன்.

மாவ்ஷி விரலை வைத்தாள். மிஷின் உடனே எடுத்தது. சீட்டு வரவில்லை. கடைக்காரர் திரையைப் பார்த்தார். இன்னொரு தடவை வைக்கச் சொன்னார். வைத்தாள்.

"விசாரணைன்னு வருது மாவ்ஷி. ஆபீஸுக்குப் போங்க."

அவள் பெரிய மகன் கடனில் ஒரு கார் எடுத்து வாடகைக்கு ஓட்டுகிறான். சோதனைக்கு வந்தவனோடு வாசலில் சண்டை போட்டிருக்கிறான். அந்த ஆபீஸ் ஆள், கார் இருக்கிற வீட்டுக்கு ரேஷன் எதற்கு என்று அதையும் எழுதிக்கொண்டு போயிருக்கிறான். இது எனக்கு அப்புறம்தான் தெரிந்தது. அப்போது தெரிந்தது ஒன்றுதான். படியில் உட்கார்ந்தவர்கள் இரண்டு பேர். ஒருத்திக்குச் சீட்டு வந்தது, ஒருத்திக்கு வரவில்லை.

அவள் காலிப் பையை மடித்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டு மேட்டில் ஏறினாள். என்னைப் பார்க்கவில்லை.

நான் அரிசியை வீட்டில் வைத்தேன். கோதுமைப் பையைக் கீழே இறக்கவில்லை. இறக்கினால் போகமாட்டேன் என்று தெரியும். கார்டு என்னிடம் இருக்கிறது. இப்போது யாராவது பார்த்தால் இந்தத் தடவை கேட்கமாட்டார்கள், எடுத்துவிடுவார்கள். நாலு பேர் சாப்பாடு. அந்தச் சந்தில் மூன்றே வீடு நடக்க வேண்டும். பகல் பதினொரு மணி. குழாயடியில் ஐந்தாறு பேர் இருந்தார்கள். முந்தானைக்குள் வைக்கவில்லை. வைத்தாலும் அவ்வளவு பெரிய பை மறையாது. தோளில் வைத்துக்கொண்டு நடந்தேன்.

மாவ்ஷி கதவைத் திறந்தாள். பையைப் பார்த்தாள்.

"என்கிட்ட அரிசி இல்ல," என்றாள்.

"கேக்கல."

"யாராவது பார்த்தாங்களா?"

"பார்த்திருப்பாங்க," என்றேன்.

அவள் ஒதுங்கி வழி விட்டாள். உள்ளே போய்ப் பையை இறக்கினேன். அவள் கோதுமையை டப்பாவில் கொட்டிக் காலிப் பையைத் தரும்வரை அங்கேயே தரையில் உட்கார்ந்திருந்தேன்.