மூன்றாவது மாடியின் பின்வாசல்

பூட்டிய கதவை மூன்று தடவை தட்டிவிட்டு, பலகையில் காதை ஒட்டிக்கொண்டு நிற்கிறார் சாவிக்காரர். பக்கத்தில் வீட்டுக்குச் சொந்தக்காரர். சாவியைத் தொலைத்த எரிச்சல் போதாதென்று அவருக்கு இது வேறு.

"உள்ள யாரும் இல்லைன்னு சொன்னேனே மாஸ்டர்."

"இருக்கட்டும் சார், ஒரு நிமிஷம்." மறுபடியும் தட்டுகிறார். "உள்ள யாராவது இருக்கீங்களா? பூட்டைத் திறக்கப் போறேன். வேணாம்னா ஒரு குரல் குடுங்க."

காலி வீடு என்ன குரல் கொடுக்கும்? எதிர்வீட்டு அம்மாள் எட்டிப் பார்த்துச் சிரித்துவிட்டு உள்ளே போகிறாள். சொந்தக்காரர் பல்லைக் கடிக்கிறார். முழுசாக ஒரு நிமிஷம் ஓடிய பிறகுதான் சாவிக்காரர் குத்தவைத்து உட்கார்ந்து பையைப் பிரிக்கிறார். திறப்பதற்கு அவருக்கு அரை நிமிஷம் போதும். தட்டுவதற்குத்தான் நேரம் பிடிக்கிறது.

பேருந்து நிறுத்தத்துக்குப் பின்னால், ஒரு மாடிப்படிக்குக் கீழே இருக்கிறது அவர் கடை. ஒருவர் திரும்ப வேண்டுமானால் இன்னொருவர் வெளியே வந்து நிற்க வேண்டும், அவ்வளவு விசாலம். சாவி வெட்டும் இயந்திரம் ஒன்று, முக்காலி ஒன்று, சுவர் முழுக்கப் பல் வெட்டாத சாவிகள். வயது ஐம்பத்தாறு. பித்தளைத் தூள் ஏறி ஏறி விரல் நுனிகள் எப்போதும் லேசான மஞ்சள். பூட்டில் கை வைத்ததும் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டுக் கண்ணை மூடிக்கொள்வார். கேட்டால், "பூட்டுக்குள்ள கண்ணுக்கு என்ன வேலை? விரல்தான் பாக்கணும்" என்பார்.

உறவினர் வீட்டுக்குப் போனாலும் முதலில் வாசல் பூட்டைத்தான் நலம் விசாரிப்பார். "நல்லாத் தும்மினாலே திறந்துக்கும் போலிருக்கே" என்று வீட்டுக்காரர் தூக்கத்தைக் கெடுத்துவிட்டு, தான் நிம்மதியாகச் சாப்பிட உட்காருவார். ஆனால் ஊருக்கே சாவி செய்கிற இந்த மனுஷர் சொந்த வீட்டுச் சாவியை வைத்துக்கொள்வதில்லை. அது மனைவியின் கைப்பையில் இருக்கும். அவள் எங்காவது போயிருந்தால், திரும்பி வரும்வரை படிக்கட்டில் உட்கார்ந்திருப்பார். பூட்டைத் தொடமாட்டார்.

'தட்டு மாஸ்டர்' என்று அவருக்குப் பெயர் வைத்தவன் வேறு யாருமில்லை, கடையில் கூட்டாளியாக இருக்கும் மைத்துனன்தான். நாற்பது வயது, மூன்று பிள்ளைகளுக்குத் தகப்பன். அவன் கவலை அவனுக்கு.

"மாமா, பேய்கிட்ட எல்லாம் பர்மிஷன் கேட்டுக்கிட்டிருந்தா தொழில் நடக்குமா? அடுத்த தெருக்காரன் போன உடனே திறக்கிறான். எல்லாரும் அங்கதான் போறாங்க."

அவன் சொல்வதில் பொய் இல்லை. கூட்டம் பாதியாகத்தான் போய்விட்டது. மாமா அரத்தை எடுத்து, தேய்க்கத் தேவையே இல்லாத ஒரு சாவியைத் தேய்க்க ஆரம்பித்துவிடுவார்.

முன்பெல்லாம் அவர் தட்டியதே கிடையாது. வெளியே நிற்கிற ஆளைப் பார்த்தாலே மனசு இளகிவிடும். சாவியை மறந்து வைத்தவர்கள், தொலைத்தவர்கள், காற்றில் கதவு சாத்திக்கொண்டு ஈரத்துணியோடு வெளியே மாட்டிக்கொண்டவர்கள் என்று முப்பது வருஷமாக அவர் பார்த்ததெல்லாம் அப்படிப்பட்டவர்களைத்தான். ஆகவே அவர் கணக்கில் பூட்டு என்பது ஒரு தொல்லை. வெளியே நிற்பவர் பாவம். உள்ளே இருப்பது வெறும் வீடு, மிஞ்சிப்போனால் தெரியாமல் பூட்டிக்கொண்டு அழுகிற குழந்தை. இப்படி ஒரு கணக்கு தனக்குள் இருக்கிறது என்பதே அவருக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் ஒருநாளாவது சரிபார்த்திருப்பார்.

நாலு வருஷத்துக்கு முன்னால் ஒரு மத்தியானம். மூன்று மாடிக் கட்டடம், கடைசி மாடி. கூப்பிட்டவனுக்கு முப்பத்தைந்து வயது இருக்கும். கசங்காத சட்டை, கையில் பழப்பை, பேச்சில் ஏக மரியாதை. "வீட்ல எல்லாரும் ஊருக்குப் போயிருக்காங்க. சாவியை எங்கயோ விட்டுட்டேங்க." கதவில் அவன் பெயர்ப்பலகை இருந்தது. கீழ்வீட்டுக்காரர் அவனைப் பார்த்துத் தலையசைத்துவிட்டுப் போனார். அவன் வீடுதான், சந்தேகமே இல்லை. இதற்குமேல் ஒரு சாவிக்காரனுக்கு என்ன வேண்டும்?

கம்பியை விட்டார். இடித்தது. பூட்டின் உள்பக்கம் ஒரு சாவி நின்றுகொண்டிருந்தது.

உள்பக்கம் சாவி நின்றால் உள்ளே ஆள் இருக்கிறது என்று அர்த்தம். தொழிலுக்கு வந்த முதல் வாரமே தெரிந்துவிடுகிற விஷயம். அவர் விரலும் அதைத்தான் சொன்னது. ஆனால் விரல் சொல்லி முடிப்பதற்குள் மனசு ஒரு சமாதானத்தை எடுத்து நீட்டிவிட்டது. சாவியை இங்கேயே விட்டுவிட்டு எல்லோரும் பின்வாசல் வழியாகப் போயிருப்பார்கள். சரிதான் என்று கம்பியால் ஒரு தள்ளுத் தள்ளினார். அந்தப் பக்கம் தரையில் சாவி விழுந்த சத்தம் நன்றாகக் கேட்டது. ஒரே தள்ளில் விழுந்ததே என்று கொஞ்சம் பெருமைகூடப் பட்டார்.

"மூணாவது மாடிக்கு ஏதுங்க பின்வாசல்?" என்று இன்றைக்கும் திடீரென்று கேட்பார், யாரிடம் என்றில்லாமல். "நானாத்தான் கட்டினேன். செங்கல் இல்ல, சிமெண்ட் இல்ல. ஒரே நொடியில கட்டி முடிச்சிட்டேன்."

கதவு திறந்ததும் கூடத்தின் நடுவில் ஒரு பெண் நின்றுகொண்டிருந்தாள். காலடியில் மூடிய பெட்டி, கையில் போன். அவள் புருஷனைப் பார்க்கவில்லை. சாவிக்காரரைத்தான் பார்த்தாள்.

"ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே அண்ணா."

கோபமாகக்கூடச் சொல்லவில்லை. அதற்குள் அவன் இவர் சட்டைப் பையில் பணத்தைத் திணித்து, "குடும்ப விஷயம், நீங்க கிளம்புங்க" என்று தோளைப் பிடித்து வெளியே திருப்பிவிட்டான். கதவு சாத்திக்கொண்டது. இரண்டாவது மாடித் திருப்பத்தில் மேலேயிருந்து எதுவோ விழுந்து உடைந்த சத்தம் வந்தது. நின்றார். புருஷன் பெண்டாட்டி சண்டை, நாளைக்கே சேர்ந்துகொள்வார்கள், நடுவில் நாம் யார்? இன்னொரு பின்வாசல் தயார். இறங்கி வந்துவிட்டார்.

அன்றைக்குச் சாயங்காலம் மனைவியிடம் இதை ஒரு வேடிக்கை மாதிரிதான் சொல்ல ஆரம்பித்தார், சாவியை எப்படித் தள்ளினேன் பார் என்று. அவள் துணி மடித்துக்கொண்டே கேட்டாள். கடைசியில் ஒன்றே ஒன்று கேட்டாள்.

"அந்தப் பொண்ணு எதுக்குங்க பூட்டிக்கிட்டா?"

முப்பது வருஷத்தில் ஒரு கதவு எதற்காகப் பூட்டியிருக்கிறது என்று அவர் யோசித்ததே இல்லை.

விடிந்ததும் பூட்டுக்கு எண்ணெய் விடுகிற சாக்கில் ஓடினார். வீடு வெளியே பூட்டிக் கிடந்தது. கீழ்வீட்டுக்காரர்தான் சொன்னார். "அந்தப் பொண்ணுக்குக் கை எலும்பு ரெண்டு இடத்துல முறிஞ்சுபோச்சு. ஆஸ்பத்திரியிலிருந்து அப்படியே அவங்க அக்கா கூட்டிட்டுப் போயிட்டாங்க. பாவம், தங்கச்சியை அழைச்சிட்டுப் போகத்தான் அந்த அக்கா வந்துக்கிட்டிருந்தாங்களாம். நீ பூட்டிக்கிட்டு உள்ளயே இரு, ஒரு மணி நேரத்துல வந்துடறேன்னு போன்ல சொல்லியிருக்காங்க."

ஒரு மணி நேரம். அந்தப் பூட்டு அவ்வளவுதான் தாங்க வேண்டியிருந்தது. நல்ல பூட்டு. அவர் போகாமல் இருந்திருந்தால் தாங்கியிருக்கும்.

அக்கா வீடு எங்கே என்று கேட்டார். "நீங்க அவங்களுக்கு யாரு?" என்று கீழ்வீட்டுக்காரர் திருப்பிக் கேட்டார். கதவைத் திறந்துவிட்டவன் நான்தான் என்று சொல்லத் துணிச்சல் வரவில்லை. சாட்சி சொல்ல எங்கே கூப்பிட்டாலும் வருகிறேன் என்று மட்டும் சொல்லி, ஒரு சீட்டில் போன் நம்பரை எழுதிக் கொடுத்துவிட்டு வந்தார். அடுத்த வாரமும் போய் அந்தச் சீட்டு இருக்கிறதா என்று கேட்டார். இருந்தது. யாரும் கூப்பிடவில்லை.

மைத்துனனுக்கு விஷயம் தெரியும். மனசு கேட்காமல் ஒருநாள் சொன்னான்: "நீங்க என்ன தப்பு பண்ணினீங்க மாமா? வீட்டுக்காரன் கூப்பிட்டான், திறந்தீங்க."

"தப்புன்னு தெரிஞ்சிருந்தா பண்ணாம விட்டிருப்பேன்டா. சரின்னு நினைச்சுல்ல பண்ணினேன். அதான் ஆறவே மாட்டேங்குது."

போன மாதம் ஒரு காலை வேளையில் கடைக்கு ஒரு பெண் வந்தாள். புதிதாக வாடகைக்கு எடுத்த அறைக்கு உள்பக்கம் தாழ்ப்பாள் போட வேண்டுமாம். சாவிக்காரர் அவள் முகத்தை ஒருதரம் உற்றுப் பார்த்தார். அந்த முகம் இல்லை. பார்வையைத் தாழ்த்திக்கொண்டு பையை எடுத்தார்.

அறையில் பிரிக்காத பெட்டிகள் இரண்டு, சுருட்டி வைத்த பாய் ஒன்று. ஏற்கெனவே கதவில் ஒரு பூட்டு இருக்கும்போது தாழ்ப்பாள் எதற்கு என்று அவர் கேட்கவில்லை. கடையில் இருந்ததிலேயே கனமான தாழ்ப்பாளைக் கொண்டுவந்திருந்தார். நாலு திருகு போதும் என்ற இடத்தில் எட்டுத் திருகு முடுக்கினார். பிறகு பையோடு வெளியே வந்து நின்றார்.

"பூட்டிட்டுத் தாழ்ப்பாளையும் போட்டுக்கோங்கம்மா. நான் இங்கேயிருந்து திறந்து பாக்கிறேன்."

உள்ளே தாழ்ப்பாள் விழுந்தது. சாவிக்காரர் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றினார். பூட்டு அரை நிமிஷத்தில் வழிவிட்டது, கதவு அசையவில்லை. தகட்டைச் செருகினார், கொக்கியை விட்டார், காந்தத்தை வைத்து இழுத்தார். கடைசியில் தோளைக் கொடுத்துத் தள்ளினார். கற்ற வித்தை எதையும் மிச்சம் வைக்கவில்லை. கால்மணி நேரத்தில் சட்டை முதுகோடு ஒட்டிக்கொண்டது.

"முடியலம்மா" என்றார் மூச்சு வாங்க.

"நிஜமாவே முடியலையா?"

"எனக்கே முடியலம்மா. இனி யார் வந்தாலும் நீங்க திறந்தாத்தான்."

உள்ளே பெட்டியொன்றின் மூடியைத் திறக்கிற ஓசை கேட்டது. அடுத்து வளையல் குலுங்க எதையோ எடுத்து அடுக்குகிற ஓசை.

பையைக் கட்டும்போதுதான் பார்த்தார், ஸ்க்ரூடிரைவர் இல்லை. முதல் கூலியில் வாங்கிய, மரப்பிடி போட்ட ஸ்க்ரூடிரைவர். உள்ளே ஜன்னல் திட்டில் வைத்தது அப்படியே இருக்கிறது. கூலியும் வாங்கவில்லை.

தட்டுவதற்குக் கையைத் தூக்கினார். உள்ளே இன்னும் வளையல் குலுங்கிக்கொண்டிருந்தது. கதவுக்கு அரை விரல்கடை தூரத்தில் கை நின்றது. அதை மெல்ல இறக்கி, செருப்பைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டு, சத்தம் வராமல் படியிறங்கினார்.