ரோஸ்லினைக் கட்டிய மந்திரம்

மகள் கைப்பேசியில் விளையாடிக்கொண்டிருக்கிறாள். இரண்டு மந்திரவாதிப் படைகள் மோதுகின்றன. மந்திரம் பட்டவர்கள் கல்லாகும்போது சங்கு ஊதுவதுபோல ஓர் ஒலி எழுகிறது.

சிறுவயதில் புன்னைக்காயல் கடற்கரையில் நாங்கள் நடத்திய போரிலும் அதே ஒலிதான். நாங்கள் முத்துப்படை, அவர்கள் சுறாப்படை. உடைந்த சங்கை ஊதி எதிரியின் பெயரைச் சொன்னால் அவர் அசையாமல் நிற்க வேண்டும். கட்டியவர்தான் அவிழ்க்கலாம். முத்துக்குளித்த காலத்தில் காலையில் சுறாவின் வாயை மந்திரத்தால் கட்டியவரே மாலையில் அவிழ்த்துவிடுவார் என்று மாமா சொன்னதிலிருந்து எடுத்த விதி அது.

எட்டு வயதில், சுறாப்படைத் தலைவி ரோஸ்லினை முழங்காலளவு தண்ணீரில் கட்டினேன். அம்மா கூப்பிட்டதும் சாப்பிடப் போய்விட்டேன்.

வெகுநேரம் கழித்து அவளுடைய அக்கா ஓடிவந்தாள். "ஏளா, தண்ணி அவ இடுப்புக்கு ஏறிட்டு. இழுத்தாலும் வர மாட்டேங்கா. நீதான் அவுக்கணுமாம்!"

ஓடிப்போய் அவிழ்த்தேன். ரோஸ்லின் கரையேறி வந்தாள். "மறந்துட்டியா?" என்று கேட்டாள்.

"ஆமா, மறந்துட்டேன்."

எங்கள் வீட்டு ஜன்னலிலிருந்து கடல் தெரியும். சாப்பிடும்போதே இரண்டு முறை எழுந்து பார்த்திருந்தேன். தண்ணீர் ஏறுவதும் தெரிந்தது. அவளை அவிழ்த்துவிட்டால் முத்துப்படை தோற்றுவிடும்.

ரோஸ்லின் இப்போது முத்தையாபுரத்தில் இருக்கிறாள். நாளை இங்கே வருகிறாள். வழக்கம்போல மகளிடம், "ஒங்கம்மைக்கு அப்பவே மறதி கூடுதல்ளா, என்னைக் கடல்லயே விட்டுட்டுப் போயிட்டா" என்பாள்.

நானும் வழக்கம்போலச் சிரிப்பேன்.