என் ஆளு ரஷ்யாவுல, நான் செவ்வாப்பேட்டையில

டப்பிங் தொழில்ல மூஞ்சி தெரியாது, பேர் வராது, தொண்டை மட்டும் போகும். அடுத்தவன் வாயசைப்புக்குப் பேசியே வயசைத் தொலைச்ச மக்களே, உங்களுக்குத்தான் இதைச் சொல்றேன். தமிழுக்கு வர்ற ரஷ்யப் படங்கள்ல ஒரு துணை நடிகர் உண்டு. அவர் எதுல தலை காட்டினாலும் குரல் நான்தான். அவர் பேரு எங்க யார் வாயிலயும் நுழையல. ஸ்டுடியோவுல ‘உன் ஆளு’ம்பாங்க. எனக்கும் அவர் என் ஆளாவே ஆயிட்டார்.

கதவு திறக்கிற வேலை

முதல் படத்துல அவர் ஒரு பெரிய ஓட்டல் வாசல்ல நிப்பார். கதாநாயகன் வந்ததும் கதவைத் திறந்து, “ஐயா மாடியில இருக்கார்”னு சொல்லுவார். அவ்ளோதான் வசனம். அதுக்காக நான் வேலை பார்க்கிற காக்களூர் கம்பெனிக்கு லீவு போட்டுட்டு, செவ்வாப்பேட்டையில ரயில் ஏறி, சென்ட்ரல்ல இறங்கி, பார்க் ஸ்டேஷனுக்கு ஓடி, இன்னொரு ரயில்ல தொத்திக்கினு கோடம்பாக்கம் போனேன்.

மறுநாள் சூப்பர்வைசர் எல்லாத்தையும் பொறுமையா கேட்டுட்டுச் சொன்னார்: “கதவத் தொறக்க அவ்ளோ தூரம் போவணுமா நைனா? நம்ம கம்பெனி கேட்டுலயே ஆள் இல்லாம கெடக்குது.”

சாவு ஒத்திகை

அப்புறம் அவருக்கு டாக்டர், ஜட்ஜ், சிப்பாய்னு வேஷங்கள் வந்துச்சு. எதுவானாலும் இடைவேளைக்குள்ள செத்துடுவார். குண்டு, விஷம், பனிச்சரிவு, ஏதோ ஒண்ணு. சாவுற சத்தம் லேசுப்பட்டதில்ல. அவர் உதடு நிக்கிற இடத்துல என் மூச்சும் நிக்கணும். பாத்ரூம் குழாயைத் திறந்து விட்டுக்கினு ஒத்திகை பார்ப்பேன்.

முதல் தடவை பக்கத்து வீட்டு செல்வி பதறியடிச்சு ஓடி வந்து கதவை இடிச்சாங்க. போகப்போக அடுப்படியில இருந்தே என் பொண்டாட்டிக்கு ஒரு குரல்தான்: “எஸ்தரு, உங்க ஊட்டுக்காரரு இன்னிக்கி எப்போ சாவாருன்னு கேட்டுச் சொல்லு, கொழந்தய தூங்க வைக்கணும்!”

வழுக்கையும் சுருட்டையும்

படங்கள் வரிசையா வராது. போன மாசம் என் ஆளு வழுக்கைத் தலையோட, பல்லு போயி, கைத்தடி ஊனி வந்தார். ‘ஐயோ, இப்படித் தளர்ந்துட்டாரே’ன்னு எனக்கு சோறு எறங்கல. இந்த மாசம் பழைய படம் ஒண்ணு வந்துச்சு. சுருட்டை முடியோட சைக்கிள் மிதிக்கிறார். அவருக்கேத்த இளசுக் குரல் வராம நான் இருமித் தள்ளினேன்.

சவுண்டு இன்ஜினியர் பஷீர் பாய், பழவேற்காட்டுக்காரர், கண்ணாடிக்கு அந்தப் பக்கத்துல இருந்து சொன்னார்: “உன் ஆளுக்கு வயசு ஏறுது, எறங்குது. உனக்குத்தான்யா ஏறிக்கினே கீது.”

பெரிய சீன்

கடைசியா என் ஆளுக்கு முழுசா ஒரு சீன் கிடைச்சுது. மகன் செத்த சேதி கேட்டு ஜன்னலோரம் நிக்கிற அப்பன். டப்பிங் டைரக்டர் நீளமா வசனம் எழுதி அனுப்பியிருந்தார். என் வாழ்க்கையில முதல் நீள வசனம்! தெரு முழுக்கச் சொல்லிட்டேன். ரயில்லயே மனப்பாடம் பண்ணிட்டேன்.

ஸ்டுடியோவுல பார்த்தா, அந்த சீன்ல அவர் பேசவே இல்ல. நமக்கு முதுகைக் காட்டிக்கினு நிக்கிறார், தோள் மட்டும் குலுங்குது. வாய் தெரியாத இடத்துல எதை வேணா பேச வைக்கிறது எங்க தொழில் வழக்கம். சும்மா விட்டா ஜனங்க சேனலை மாத்திடுவாங்கன்னு பயம். எனக்கு மனசு வரல. காலமெல்லாம் கதவு திறந்து, செத்து, இப்பத்தான் அந்த மனுஷனை நடிக்க விட்டிருக்காங்க. அதும்மேல நான் வசனத்தைக் கொட்டவா?

“வசனம் வேணாம் சார், மூச்சு மட்டும் குடுக்கறேன்”னேன். ரொம்ப நேரம் மல்லுக்கட்டிட்டு டைரக்டர் ஒத்துக்கினார், தலையில அடிச்சுக்கினே: “கெடச்ச ஒரு டயலாக்கையும் வாணான்றியே, பொழைக்கத் தெரியாத ஆளுய்யா நீ!”

டிவியில போட்ட அன்னிக்குத் தெருவே எங்க வீட்டுல. முதுகு வந்துச்சு, போச்சு. “இன்னாபா, எங்க பேசின?”ன்னு கேட்டுக்கினே எல்லாரும் எழுந்து போயிட்டாங்க. எனக்கு அவமானமா இருந்துச்சு. எஸ்தர் மட்டும் முந்தானையால கண்ணைத் துடைச்சுக்கினு சொன்னா: “திரும்பிக்கினு நிக்கிறது அந்தாளு. அழுவுறது நீங்கதானே?”

இத்தனை வருஷமா அவர் வாய்க்குப் பேசினேன், வீட்டுல எனக்குப் பேர் வாங்கித் தந்தது அவர் முதுகு.