பரிதோஷ் பாக்சி வாங்கிய உத்தரவு

வடக்குக் கொல்கத்தாவில் எங்கள் சந்து மிகவும் குறுகலானது. எதிர்வீட்டில் கடுகெண்ணெயில் மீன் வறுத்தால், என் தேயிலைக் கடையில் அன்றைக்கு எந்தத் தூளை மோந்தாலும் மீன்தான். அந்த எதிர்வீடு பரிதோஷ் பாக்சியுடையது. டிராம் பணிமனையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். வீட்டுக்காரர் என்று பெயர்தான். அவரும் மனைவி இலாவும் மாடியில் இரண்டு அறைகளில் முடங்கிக் கிடந்தார்கள். கீழ்த்தளம் முழுவதும் பிரேன் சமாத்தாரிடம், அவருடைய அப்பா காலத்து வாடகையிலேயே இருந்தது.

இலா அண்ணிக்கு மூட்டுவாதம். முழங்கால் இரண்டும் மடங்காமல் போனபின், ஏணி மாதிரி நிற்கும் அந்தப் படிகளில் இறங்குவது நின்றுபோயிற்று. அவருக்குக் கீழே ஓர் அறை வேண்டும். கேஸ் அதற்காகத்தான். அது இழுத்தடித்து, மேல்கோர்ட் வரை போய், ஒருவழியாக சமாத்தார் காலி செய்ய வேண்டும் என்று உத்தரவு வந்தது. பரிதோஷ் அண்ணா சந்து முழுக்க இனிப்பு கொடுத்தார். சமாத்தார் வீட்டுக்கும் கொடுத்து அனுப்பினார். இப்படிப்பட்ட மனுஷரை வைத்துக்கொண்டு என்ன செய்வது?

உத்தரவு வந்தது பாத்ர மாதத்தில். பாத்ரம், பௌஷம், சைத்ரம் மூன்றிலும் எங்கள் ஆட்கள் வீட்டிலிருந்து யாரையும் வெளியே அனுப்ப மாட்டார்கள். பூனையைக்கூட விரட்ட மாட்டார்கள். சரி, பாத்ரம் போகட்டும் என்றார் பரிதோஷ் அண்ணா. பின்னாலேயே துர்கா பூஜை வந்தது, கோர்ட்டுக்கு லீவு. காளி பூஜை முடிந்து, வீட்டைக் காலி செய்துகொடுக்கக் கோர்ட் அமீனாவைக் கூப்பிடலாம் என்று நான் கிளப்பிவிட்டேன். அதற்குள் சமாத்தாரின் அம்மா செத்துப்போனார். ஒரு வருஷத் தீட்டு. தீட்டு கழிந்ததும் பெண்ணுக்குப் பரீட்சை, பரீட்சை முடிந்தால் சைத்ரம். ஒவ்வொரு தடவையும் சமாத்தார் மாடியேறிப் போய்க் கையைக் கட்டிக்கொண்டு நிற்பார். கீழே இறங்கும்போது முகம் தெளிந்திருக்கும்.

எனக்குப் பற்றிக்கொண்டு வரும். ஒரு பௌஷத்தில் கடை வாசலிலிருந்தே கத்தினேன். "அண்ணா, இன்னும் எத்தனை நாளைக்கு? அமீனாவைக் கூட்டிட்டு வந்து சாமானை வெளிய எடுத்து வைங்க!"

"ஆர்டர் என் கையில இருக்குடா. அது என்ன மீனா, வெச்சிருந்தா நாறிப்போறதுக்கு?"

மாடி ஜன்னலிலிருந்து அண்ணி எட்டிப் பார்த்தார். "நீ சும்மா இரு. வயசுப் பொண்ணை வெச்சிருக்கான். பௌஷத்துல வெளிய தள்ளினா அந்தப் பாவம் யாருக்கு? கீழ இறங்காம நான் என்ன செத்தா போயிட்டேன்?"

நான் கடைக்குள்ளே திரும்பிவிட்டேன். சம்பந்தப்பட்டவரே சொல்லும்போது எனக்கென்ன வந்தது?

இப்படியே வருஷங்கள் ஓடி, கடைசியில் சமாத்தாரின் பெண் கல்யாணமாகிப் போனாள். சாக்குச் சொல்ல ஒன்றும் மிஞ்சவில்லை. அதற்குள் அண்ணி கட்டிலோடு ஆகிவிட்டிருந்தார். கேஸை ஜெயித்துக் கொடுத்த பழைய வக்கீல் போய்ச் சேர்ந்துவிட்டதால், புதிதாக ஒரு பெண் வக்கீலைப் பிடித்து உத்தரவை நிறைவேற்றச் சொல்லி மனுப் போட்டார் பரிதோஷ் அண்ணா. அப்போதுதான் தெரிந்தது, காலி செய்யும் உத்தரவுக்கும் ஆயுள் உண்டு என்று. பன்னிரண்டு வருஷத்துக்குள் மனுப் போட்டிருக்க வேண்டுமாம். அது தாண்டிப் பல மாதங்கள் ஆகியிருந்தன.

கோர்ட்டுக்கு நானும் கூடப் போனேன். பரிதோஷ் அண்ணா கூண்டில் நின்று தீட்டு, பரீட்சை, பாத்ரம் எல்லாவற்றையும் ஒன்றுவிடாமல் சொன்னார். நீதிபதி அம்மா குறுக்கே பேசாமல் கேட்டார்.

"பெரியவரே, நீங்க தவணை கொடுத்தது உங்க நல்ல மனசு. ஆனா உங்களைக் கோர்ட்டு எதுவும் தடுக்கலையே? நீங்களாப் பொறுத்துக்கிட்ட நாளைக் கழிக்கச் சட்டத்துல வழியில்லை."

"பௌஷத்துல எப்படிம்மா விரட்டறது? நீங்களே சொல்லுங்க."

அவரும் வங்காளிதான். இருந்தும் மனுவைத் தள்ளுபடி செய்தார்.

வெளியே வந்ததும் வக்கீல் பெண் தயங்கித் தயங்கிச் சொன்னாள். "புதுசா கேஸ் போட்டுப் பார்க்கலாம் சார். நிக்குமான்னு தெரியாது. நின்னாலும் முதல்லேருந்து வரணும்."

எழுபத்தாறு வயது மனுஷரிடம் முதலிலிருந்து என்கிறாள். அவள்மேல் தப்பில்லை. எனக்குத்தான் யாரையாவது அறையவேண்டும் போலிருந்தது.

அந்த மழைக்காலத்தில் அண்ணிக்கு மூச்சுத் திணறியது. ஸ்ட்ரெச்சர் அந்தப் படியில் திரும்பாது. நாற்காலியில் உட்காரவைத்து நான், சமாத்தார், அவர் மருமகன், ரிக்‌ஷாக்காரன் ஆகிய நான்கு பேரும் தூக்கி இறக்கினோம். ஆம்புலன்ஸ் சந்து முனையில் மாட்டிக்கொண்டது. சமாத்தாரின் மனைவி கதவைத் திறந்து, "உள்ள வாங்க அண்ணி, வண்டி வர்ற வரைக்கும்" என்றாள். நாற்காலியை அந்த முன்னறையில் வைத்தோம்.

அண்ணி மெல்ல நாலுபக்கமும் பார்த்தார். "ஏங்க, கட்டிலை இந்த ஓரமாப் போட்டிருந்தா தெரு தெரிஞ்சிருக்கும்ல?"

பரிதோஷ் அண்ணா வண்டி வருகிறதா என்று பார்க்க வாசலுக்குப் போனார்.

சமாத்தாருக்குக் கண் கலங்கிவிட்டது. நடிப்பில்லை, எனக்குத் தெரியும். "அண்ணி, ஆஸ்பத்திரியிலேருந்து நேரா இங்கயே வந்துடுங்க. உடம்பு தேறட்டும், கொஞ்ச நாள் இருங்க."

"வேண்டாம் பிரேன்" என்றார், மூச்சு வாங்கிக்கொண்டே. "விருந்தாளியா வந்து உக்காந்துட்டா, எப்போ கிளம்புவீங்கன்னு என்னைக் கேக்க முடியாமத் தவிப்ப. அந்தத் தவிப்பு எனக்குத் தெரியும்."

ஒரு வாரத்தில் திரும்பி வந்தார். நாங்கள் நான்கு பேரும் நாற்காலியை மறுபடியும் மாடிக்குத் தூக்கினோம். சமாத்தார்தான் கனமான பக்கத்தைப் பிடித்துக்கொண்டார்.