பிரெஞ்சுக்காரியாக நடிக்கத் தெரியாத பிரெஞ்சு நடிகை

துணை நடிகையின் வேலை எட்டு மணித்தியாலம் காத்திருப்பது, நாற்பது செக்கன் நடிப்பது, அந்த நாற்பது செக்கனையும் வெட்டிவிட்டார்கள் என்று பிறகு டிவி பார்த்துத் தெரிந்துகொள்வது.

நான் மூன்று வயதில் யாழ்ப்பாணத்திலிருந்து பாரிசுக்குப் போனவள். அங்கேயே நாடகப் பள்ளியில் படித்து, பன்னிரண்டு வருடம் பிரெஞ்சுத் தொடர்களில் தாதி, காசாளர், துப்புரவுப் பெண், ஒரே ஒருமுறை நீதிபதி என்று முகம் காட்டினேன். பாஸ்போர்ட்டும் பிரெஞ்சு, கனவில் நான் போடுகிற சண்டையும் பிரெஞ்சு. எட்டு வருடத்துக்கு முன் கல்யாணம் முடித்து லண்டனுக்கு வந்த பிறகுதான் தொல்லை தொடங்கியது. எந்த வேலையிலாவது "நீங்கள்தானா அது?" என்ற பார்வையை வாங்கிக் கட்டிக்கொண்டவர்கள் உங்களிலும் இருப்பார்கள். அவர்களுக்கு நான் அதிகம் விளக்கத் தேவையில்லை.

என் பின்னால் யாரும் இல்லை

ஒரு தொடருக்கு, லண்டனில் கேக் கடை வைத்திருக்கும் பிரெஞ்சுப் பெண் தேவை என்றார்கள். எனக்கென்றே அளவெடுத்துத் தைத்த பாத்திரம் என்று துள்ளிக்கொண்டு போனேன். நடிகர்களைத் தேர்வு செய்யும் பெண் என்னைப் பார்த்துச் சிரித்துவிட்டு, என் தோளுக்கு மேலால் கதவைப் பார்த்தார். பிரெஞ்சுக்காரி பின்னால் வருகிறாள் என்று நினைத்திருக்கிறார். நான் கதவைச் சாத்திவிட்டு வந்து உட்கார்ந்தேன்.

வசனத்தை வாசித்தேன். "உங்கள் பிரெஞ்சு அருமை. எங்கே படித்தீர்கள்?" என்றார். "பிரான்சில்" என்றேன். அதை எழுதிக்கொண்டார். பக்கத்தில் இருந்தவரோடு ஏதோ குசுகுசுத்தார். பிறகு என் மனம் நோகக்கூடாது என்ற கவனத்தோடு, குரலைத் தாழ்த்திக் கேட்டார்: "இன்னொரு தடவை, இன்னும் கொஞ்சம் பிரெஞ்சுத்தனமாகச் செய்து பார்க்கலாமா?"

எங்கள் ஆட்கள்

கேக் கடை கிடைக்கவில்லை. அடுத்ததாக, லண்டனில் இந்தியர்கள் நிறைந்த சவுத்தாலில் துணிக்கடை நடத்தும் தாயாக நடிக்கக் கூப்பிட்டார்கள். ஆங்கிலத்தில் நான்கு வசனம். முதல் ஒத்திகையிலேயே நான் 'ர' சொன்னதும் இயக்குநரின் முகம் சுருங்கியது. அது தொண்டைக்குள்ளிருந்து வரும் ஒலி. பாரிசில் வளர்ந்த வாய் அதை விடாது. உச்சரிப்பைத் திருத்த ஒரு பயிற்சியாளரை அனுப்பினார்கள். வெள்ளைத் தாடி வைத்த வெள்ளைக்காரர், யோர்க்‌ஷயர் மனிதர். எங்கள் தாய்மார் இப்படித்தான் கதைப்பார்கள் என்று இரண்டு மணித்தியாலம் தலையை ஆட்டி ஆட்டி எனக்குச் செய்து காட்டினார்.

கடைசியில் பொறுக்க ஏலாமல், பாரிசில் இருக்கும் என் அம்மாவுக்கு போன் போட்டு ஸ்பீக்கரில் விட்டேன். அம்மா தனக்குத் தெரிந்த ஆங்கிலத்தில் அந்த நான்கு வசனத்தையும் சொன்னார். பயிற்சியாளர் கண்ணை மூடிக் கவனமாகக் கேட்டார். "உங்கள் அம்மா நன்றாகத்தான் முயற்சி செய்கிறார். ஆனால் உங்கள் ஆட்கள் இப்படிப் பேச மாட்டார்கள்."

கோயில் வரிசை

ஒரு வெள்ளிக்கிழமை லண்டன் ஆர்ச்வே கோயிலில் பிரசாத வரிசையில் நின்றேன். என் மாமியாரின் சிநேகிதி புஷ்பம் அக்கா ஓடிவந்து கையைப் பிடித்தார். "பிள்ளை, உம்மை இங்கத்தைய டிவியில கண்டனாங்கள்! தாதியா வந்து 'டொக்டர் வாறார்' எண்டு சொன்னனீர். வடிவாச் சொன்னனீர்!" எனக்குக் கண் கலங்கிவிட்டது. வரிசையில் நின்ற நாலு பேருக்கும் என்னை அறிமுகம் செய்து வைத்தார். பிறகு என் காதுக்குக் கிட்ட வந்து கேட்டார்: "அது சரி, நீர் வேலை எங்க செய்யிறனீர்?"

ஹெலனின் பல்

போன வருடத் தொடக்கத்தில் என் கணவர் குணத்துக்கு ஒரு வாக்குக் கொடுத்தேன். டிசம்பர் முடிவதற்குள் நடிப்பில் ஒன்றும் சரிவராவிட்டால், குரோய்டனில் இருக்கும் எங்கள் மரக்கறிக் கடையிலேயே உட்கார்ந்துவிடுவேன். நவம்பரில் ஒரு சின்ன அரங்கில் வேலை வந்தது. கடலோர ஊரில் சலவைக்கடை நடத்தும் பிரெஞ்சு விதவையின் கதை. விதவை நான் இல்லை, ஹெலன் என்ற நடிகை. அவருக்கு நோய் வருத்தம் வந்தால் மேடையில் ஏற வேண்டியவள்தான் நான். தினமும் குளிர்த் தண்ணீரில் நீந்துகிற மனுசிக்கு எங்கே வருத்தம் வருகிறது? ஆறு கிழமையாக ஒரு தும்மல்கூட இல்லை. நான் மேடைக்குக் கீழே ஓர் அறையில் இருந்து, அவருடைய வசனத்தை வாய்க்குள் சொல்லிக்கொண்டிருந்தேன்.

நாடகம் ஓடிய கடைசிக் கிழமை, புதன்கிழமை மத்தியானம், ஹெலனுக்குப் பல் வீங்கி வாய் திறக்க ஏலாது என்று செய்தி வந்தது. காட்சி இரண்டரைக்கு. குணத்துக்கு போன் பண்ணினேன். அவர் உடனே கடையைப் பூட்டிக்கொண்டு ரயில் ஏறினார்.

ஹெலனின் சட்டை நீளம். ஊசி குத்தி மடித்துவிட்டார்கள். விதவையின் மகன் இனி வரமாட்டான் என்ற கடிதத்தை நான் வாசித்தபோது, அரங்கில் யாரோ மூச்சை இழுத்துப் பிடித்த சத்தம் எனக்குக் கேட்டது. அந்த நிமிடம் என் தோளுக்கு மேலால் வேறு ஆளை யாரும் தேடவில்லை.

நாடகம் முடிந்ததும் குணம் ஒப்பனை அறைக்குள் வந்தார். கண் சிவந்திருந்தது. "டிசம்பர் கதையை விடும். ஹெலன்ர பல்லு நாளைக்கும் வீங்கியிருக்குமோ?"

பின்கதவு

பல் அடுத்த நாளே சுகமாகிவிட்டது. ஆனால் அந்தப் புதன்கிழமை மாலை, ஒப்பனையைக் கழுவி, என் பழைய கோட்டைப் போட்டுக்கொண்டு குணத்தோடு பின்கதவால் வெளியே வந்தபோது, மழையில் ஒரு வயோதிபர் கையெழுத்து வாங்க நிகழ்ச்சித் தாளுடன் நின்றார். "அந்த விதவையாக நடித்தவர் எப்போது வருவார்? என்னை அழவைத்துவிட்டார்" என்றார்.

"நான்தான்" என்றேன். குணமும் "ஓம், ஓம்" என்று தமிழிலேயே சாட்சி சொன்னார். மனிதர் என்னை மேலும் கீழும் பார்த்தார். பிறகு தாளை மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டு, மிகவும் மரியாதையாகச் சொன்னார்: "இல்லை அம்மா, அவர் இன்னும் உயரம்."

நான்தான் அவள் என்று நம்ப வைக்க மேடையில் இரண்டு மணித்தியாலம் போதும், மேடையை விட்டு இறங்கினால் இருபது வருடமும் போதாது.